கச்சத்தீவை விளக்கியவர்கள்

ராமேஸ்வரத்துக்கு வடகிழக்கே சுமார் 25 கிலோமீட்டர் தொலைவில், பாக் நீரிணையின் நடுவே 285 ஏக்கர் பரப்பில் கிடக்கிறது கச்சத்தீவு. அங்கே குடிநீர் கிடையாது, ஊரும் கிடையாது. புனித அந்தோணியார் கோயில் ஒன்று உண்டு. இந்தச் சிறு தீவைப் பற்றியும் அதைச் சுற்றியுள்ள கடலைப் பற்றியும் அரை நூற்றாண்டாகச் செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் தொலைக்காட்சி விவாதங்களும் வந்துகொண்டே இருக்கின்றன. மீனவர்களும் அரசியல் தலைவர்களும் பேசி முடித்ததும் அவற்றில் வேறொரு குரல் கேட்கும். 1974 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின் 5-ஆம் பிரிவு சொல்வது என்ன, 1976 கடிதங்கள் சொல்வது என்ன, இரண்டுக்கும் இடையே என்ன முரண் என்று எடுத்துச் சொல்லும் குரல் அது. பன்னாட்டு உறவுகளைப் படித்த அறிஞரின் குரல். அந்தக் குரலுக்கு இந்தக் கரையில் ஏன் தேவை வந்தது, அதற்கு யார் அடித்தளம் இட்டார்கள் என்பது ராமநாதபுரம் கடற்கரையின் வரலாற்றிலேயே ஒரு பகுதி.

கச்சத்தீவுச் சிக்கலின் மையமான பொருளைக் கேமராவால் படம்பிடிக்க முடியாது. பாம்பன் துறையில் நிற்கும் விசைப்படகையும், தங்கச்சிமடத்தில் கணவனை எதிர்பார்த்திருக்கும் பெண்ணையும், அறுந்த வலையையும் காட்டலாம். ஆனால் கடல் எல்லை என்பது இரு அரசுகள் தாளில் எழுதிய புள்ளிகளை இணைத்த கோடு. தண்ணீரின் மேல் அதற்கு அடையாளம் இல்லை. செயற்கைக்கோள் வழிகாட்டிக் கருவி வருவதற்கு முன்பு, எல்லையைத் தாண்டிவிட்டோமா என்பதைப் படகில் இருப்பவரே உறுதியாகச் சொல்ல முடியாது. அதனால் படம் காட்டுவதற்கும் பார்ப்பவர் புரிந்துகொள்வதற்கும் நடுவே ஒருவர் பேச வேண்டியிருக்கிறது. மலை எல்லையிலோ ஆற்று எல்லையிலோ இவ்வளவு விளக்கம் தேவைப்படாது.

பன்னாட்டு உறவு என்ற படிப்பு இளையது. முதல் உலகப் போருக்குப் பின், 1919-இல், வேல்ஸ் நாட்டின் அபரிஸ்ட்வித் பல்கலைக்கழகத்தில் அதற்கென முதல் பேராசிரியர் இருக்கை ஏற்பட்டது. இந்தியாவில் 1955-இல் புதுதில்லியில் இந்தியப் பன்னாட்டு ஆய்வுப் பள்ளி தொடங்கியபோது அதன் முதல் இயக்குநராக வந்தவர் ஏ. அப்பாதுரை. தென்னிந்தியாவின் இடைக்காலப் பொருளாதார வரலாற்றை எழுதி, 1936-இல் சென்னைப் பல்கலைக்கழக வெளியீடாகக் கொண்டுவந்தவர். அந்தப் பள்ளி 1970-இல் ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தோடு இணைந்தது. தென்னாட்டு வரலாற்றில் ஊறிய ஒருவரிடம் தொடங்கிய துறைதான் என்றாலும், தில்லியில் அது வளர்ந்தபோது அதன் கண் பாகிஸ்தான், சீனா, வல்லரசுகள் என்று வடக்கு நோக்கியே இருந்தது. இலங்கையை ஆராய்ந்தவர்கள் சிலரே. தில்லியில் ஊர்மிளா பட்னிஸ், கொழும்பில் ஷெல்டன் கொடிகார ஆகியோர் அந்தச் சிலரில் முக்கியமானவர்கள். பாக் நீரிணையின் மீன்பிடி இவ்விரு தலைநகரங்களுக்கும் எட்டாத செய்தியாகவே வெகுகாலம் இருந்தது.

ஆவணப்படத்துக்கோ இந்த மண்ணோடு பழைய தொடர்பு உண்டு. காந்தியைப் பற்றிய முதல் முழுநீள ஆவணப்படத்தை எடுத்த ஏ.கே. செட்டியார், அன்றைய ராமநாதபுரம் மாவட்டத்துக் கோட்டையூரில் பிறந்தவர். பல நாடுகளில் அலைந்து படச்சுருள்களைச் சேகரித்து 1940-இல் அதைத் தமிழ் விளக்கவுரையோடு வெளியிட்டார். திரையில் ஓடும் காட்சிக்கு மேல் ஒருவர் தமிழில் பொருள் சொல்லும் முறை இங்கே அப்போதே வந்துவிட்டது. விடுதலைக்குப் பின் 1948-இல் ஏற்பட்ட திரைப்படப் பிரிவு எடுத்த செய்திப்படங்கள் கொட்டகைகளில் முதன்மைப் படத்துக்கு முன் ஓடின. அவற்றில் பேசியது முகம் காட்டாத அரசின் குரல். அறிஞர் தம் பெயரோடும் முகத்தோடும் திரையில் தோன்றி, தம் கருத்தைத் தம் பொறுப்பில் சொல்வது தொலைக்காட்சிக் காலத்து வழக்கம். பிரிட்டனில் ஏ.ஜே.பி. டெய்லர் போன்ற வரலாற்றாசிரியர்கள் 1950-களிலேயே அதைத் தொடங்கிவிட்டார்கள். சென்னைத் தொலைக்காட்சி நிலையமோ 1975 ஆகஸ்ட் 15 அன்றுதான் ஒளிபரப்பைத் தொடங்கியது.

இந்தத் தேதி கச்சத்தீவு வரலாற்றில் கவனிக்க வேண்டியது. 1974 ஜூனில் ஒப்பந்தம் கையெழுத்தானபோது தமிழ்நாட்டில் தொலைக்காட்சியே இல்லை. ராமேஸ்வரம் மீனவர் அதைச் செய்தித்தாளிலும் வானொலியிலும்தான் அறிந்தார். அந்தக் கரையில் அன்று மிகத் தெளிவாகக் கேட்ட தமிழ் ஒலிபரப்பு இலங்கை வானொலி. பின்னால், 1982-இல் இலங்கையின் ரூபவாஹினி தொடங்கியதும், உயரமான ஆன்டெனா கட்டி அதையும் இங்கிருந்தே பார்த்தார்கள். தங்கள் கடலை இரண்டாகப் பிரித்த உடன்படிக்கை உருவானபோது, அதன் வாசகத்தை எடுத்துவைத்துப் பிரிவு பிரிவாக விளக்க இந்தக் கரை மக்களிடம் யாரும் வரவில்லை. அந்த வெற்றிடம் நிரம்ப ஏறக்குறைய இருபது ஆண்டுகள் ஆயின.

விளக்க வேண்டிய ஆவணங்கள் 1974-க்கு வெகுமுன்பே தொடங்குகின்றன. ராமேஸ்வரம் கோயிலின் காவலர்களான சேதுபதிகளின் ஆட்சி, நிலத்தோடு கடலையும் சேர்ந்தது. முத்துக்குளிப்பிலும் சங்கு குளிப்பிலும் அவர்களுக்குப் பங்கு இருந்தது. டச்சுக்காரர்களோடு அவர்கள் செய்துகொண்ட உடன்பாடுகளிலும் கடல்தான் பெரும்பொருள். 1803-இல் ராமநாதபுரம் நிரந்தர வரி ஏற்பாட்டின் கீழ் ஜமீன்தாரியாகியது. 1880-இல் முகமது அப்துல்காதர் மரைக்காயரும் முத்துசாமிப் பிள்ளையும் மாவட்ட ஆட்சியர் எட்வர்ட் டர்னரோடு எழுதிக்கொண்ட குத்தகையில், சாயவேர் எடுப்பதற்காக எழுபது ஊர்களும் பதினொரு தீவுகளும் அடங்கின. அந்தப் பதினொன்றில் ஒன்று கச்சத்தீவு. துணிக்குச் செந்நிறம் ஏற்றும் வேருக்காக எழுதிய பத்திரம், நூறு ஆண்டு கழித்து இறையாண்மைக்குச் சான்றாக நீட்டப்பட்டது. 1913-இல் ராமநாதபுரம் அரசரும் இந்தியச் செயலரும் செய்த குத்தகையிலும் கச்சத்தீவு இடம்பெற்றது. ஒரு தீவைக் குத்தகைக்கு விட்டவர் அதன் உரிமையாளரா, உரிமையாளர் இருந்த நாட்டுக்கே அதன் இறையாண்மையும் சேருமா என்ற கேள்விகள் இங்கிருந்துதான் பிறக்கின்றன. ஜமீன் நிலவுரிமை வேறு, நாட்டின் ஆட்சியுரிமை வேறு என்று இலங்கைத் தரப்பு வாதிட்டது. ஜமீன் ஒழிப்புக்குப் பின் ஜமீனின் உரிமைகள் சென்னை அரசுக்கு வந்தன என்று தமிழகத் தரப்பு வாதிட்டது.

இன்னும் அழுத்தமான சான்று ஒரு திருட்டு வழக்கில் கிடைக்கிறது. ராமநாதபுரம் கரையை ஒட்டிய சங்குப் படுகைகளில் உரிமையின்றிச் சங்கு எடுத்ததாக எழுந்த வழக்கு அன்னக்குமாரு பிள்ளை எதிர் முத்துப்பயல். 1904-ஆம் ஆண்டின் சட்ட அறிக்கையில் அது வெளியாகியுள்ளது. கடலடியில் கிடக்கும் சங்கு யாருடைய உடைமை என்று முடிவுசெய்ய, பாக் நீரிணையின் தன்மையையே சென்னை உயர் நீதிமன்றம் ஆராய வேண்டியிருந்தது. இருபுறமும் ஒரே பேரரசின் நிலம் சூழ்ந்த, நெடுங்காலமாக அந்த ஆட்சியின் கீழேயே இருந்துவரும் நீர்ப்பரப்பு இது, திறந்த பெருங்கடல் அன்று என்று நீதிமன்றம் கண்டது. 1974 ஒப்பந்தத்தின் தலைப்பிலேயே இருக்கும் ‘வரலாற்று நீர்ப்பரப்பு’ என்ற கருத்துக்கு வலுவான சட்ட வேர் இதுதான். கச்சத்தீவைப் பற்றி ஆயிரம் மேடைகளில் பேசியிருக்கிறார்கள். இந்தச் சங்கு வழக்கை அவற்றில் கேட்பது அரிது.

1921 அக்டோபரில் சென்னை மாகாண அரசும் இலங்கை அரசும் கொழும்பில் கூடி, மீன்பிடிக்கென ஓர் எல்லை வகுக்க முயன்றன. இலங்கைக் குழுவுக்கு ஹார்ஸ்பரோ தலைமை தாங்கினார், சென்னைக் குழுவுக்கு காட்டன். கச்சத்தீவுக்கு மேற்கே மூன்று மைல் தள்ளிக் கோடு போட வேண்டும் என்று இலங்கை கேட்டது. தீவின் மீதான ராமநாதபுரத்தின் உரிமைக்குப் பாதகமில்லை என்ற நிபந்தனையோடு சென்னைக் குழு அதற்கு இசைந்தது. ஆனால் லண்டன் அந்த உடன்பாட்டை உறுதிசெய்யவில்லை. ஒரே கூட்டத்தின் குறிப்புகளிலிருந்து இரு தரப்பும் தத்தமக்குச் சான்று எடுக்க முடிந்தது இதனால்தான்.

விடுதலைக்குப் பின், 1956-இல், கச்சத்தீவில் இலங்கை விமானப்படையின் குண்டுவீச்சுப் பயிற்சி பற்றிய செய்தி இந்திய நாடாளுமன்றத்தில் எழுந்தது. அப்போது உறுதியான பதில் வரவில்லை. அந்தப் பத்தாண்டின் இறுதியில், சான்றுகளின் எடை இந்தியப் பக்கமே சாய்கிறது என்று தலைமை வழக்கறிஞர் எம்.சி. செதல்வாட் கருத்துரைத்தார். ஆனால் 1961-இல் பிரதமர் நேரு எழுதிய குறிப்பு, இந்தச் சிறு தீவுக்குத் தாம் முக்கியத்துவம் தரவில்லை என்றும், உரிமையை விட்டுக்கொடுக்கத் தயங்கமாட்டேன் என்றும் சொன்னது. சட்டக் கருத்து ஒரு திசையிலும் அரசியல் முடிவு வேறொரு திசையிலும் சென்றன. இந்தக் குறிப்புகள் பொதுவெளிக்கு வர ஆறு பத்தாண்டுகள் ஆயின.

இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் 1974 ஜூன் 26, 28 தேதிகளில் முறையே கொழும்பிலும் தில்லியிலுமாகக் கையெழுத்திட்ட ஒப்பந்தம், ராமர் பாலத்திலிருந்து பாக் நீரிணை வரை எல்லையை வகுத்தது. கோடு கச்சத்தீவுக்கு மேற்கே ஒரு மைல் தள்ளிச் சென்றது. தீவு இலங்கையின் பக்கம் போயிற்று. அதே வாரங்களில் கராகஸ் நகரில் ஐ.நா. கடல் சட்ட மாநாடு நடந்துகொண்டிருந்தது. கடலின் உரிமைகள் உலகெங்கும் புதிதாக வகுக்கப்படும் வேளையில் அண்டை நாட்டோடு எல்லைத் தகராறு இருப்பதை தில்லி விரும்பவில்லை. ஒப்பந்தத்தை அந்தப் பின்னணியில் வைத்தால்தான் அதன் அவசரம் புரியும். தமிழகத்தில் நடந்த விவாதங்களில் இந்த உலகப் பின்னணிக்கு இடம் கிடைத்ததே இல்லை எனலாம்.

தமிழகத்தின் எதிர்ப்பு உடனே எழுந்தது. ஒப்பந்தத்துக்குச் சில நாள் முன்பு வெளியுறவுச் செயலர் கேவல் சிங் சென்னைக்கு வந்து முதல்வர் மு. கருணாநிதியைச் சந்தித்திருந்தார். ஆகஸ்டில் சட்டமன்றம் தன் எதிர்ப்பைத் தீர்மானமாக்கியது. மக்களவையில் இரா. செழியனும், ராமநாதபுரம் தொகுதி உறுப்பினர் பி.கே. மூக்கையாத் தேவரும் கடுமையாக எதிர்த்தார்கள். பெருபாரி வழக்கில் 1960-இல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி இந்திய நிலத்தை வேறு நாட்டுக்குத் தர அரசியல் சட்டத் திருத்தம் வேண்டுமே என்ற வாதம் பின்னாளில் வலுப்பெற்றது. கச்சத்தீவு தகராறுக்குரிய இடம், தீர்மானமாக இந்திய நிலம் என்று வரையறுக்கப்படாதது, ஆகவே நிலம் தந்ததாக ஆகாது என்பது ஒன்றிய அரசின் நிலை. ஜெயலலிதா 2008-இலும் கருணாநிதி 2013-இலும் உச்ச நீதிமன்றம் சென்றது இந்த முடிச்சை அவிழ்க்கத்தான்.

ஒப்பந்தத்தின் 5-ஆம் பிரிவு, இந்திய மீனவர்களும் யாத்ரீகர்களும் முன்போலவே கச்சத்தீவுக்கு வந்துபோகலாம், பயண ஆவணமோ விசாவோ தேவையில்லை என்றது. 6-ஆம் பிரிவு, இரு நாட்டுக் கலங்களும் மற்ற நாட்டு நீரில் மரபாக அனுபவித்த உரிமைகளைத் தொடர்ந்து அனுபவிக்கும் என்றது. மீன்பிடிப்பு, யாத்திரை, கடற்பயணம் மூன்றுக்கும் பாதுகாப்பு இருக்கிறது என்று வெளியுறவு அமைச்சர் ஸ்வரண் சிங் நாடாளுமன்றத்தில் உறுதி சொன்னார். இரண்டு ஆண்டுகளுக்குள் அந்த உறுதிக்கு அடியில் இருந்த தரை நகர்ந்துவிட்டது. 1976 மார்ச் 23 அன்று மன்னார் வளைகுடாவுக்கும் வங்கக் கடலுக்குமான எல்லை ஒப்பந்தம் கையெழுத்தானபோது, கேவல் சிங்கும் இலங்கை வெளியுறவுச் செயலர் டபிள்யூ.டி. ஜயசிங்கவும் கடிதங்களைப் பரிமாறிக்கொண்டார்கள். வெளிப்படையான அனுமதியின்றி இரு நாட்டு மீனவரும் மற்ற நாட்டின் நீரில் மீன்பிடிக்கக் கூடாது என்றன அந்தக் கடிதங்கள். அப்போது நெருக்கடி நிலை. தி.மு.க. அரசு 1976 ஜனவரி 31 அன்றே கலைக்கப்பட்டிருந்தது. சட்டமன்றத்திலிருந்து ஒரு கேள்விகூட எழ வழியில்லாத நாளில் தமிழக மீனவரின் வாழ்வை மாற்றிய கடிதங்கள் எழுதப்பட்டன. கச்சத்தீவு வரலாற்றில் மிகுந்த வருத்தத்துக்குரிய இடம் இதுவே. தீவைப் பற்றிப் பேசும் பலர் 1974-இலேயே நின்றுவிடுவதால், கரையில் இருப்பவருக்கு அதிக இழப்பைத் தந்த 1976 மறைந்துபோகிறது.

கன்னியாகுமரிக்குத் தெற்கே உள்ள வாட்ஜ் கரை என்ற வளமான மீன்பரப்பு 1976 ஏற்பாட்டில் இந்தியாவுக்கு வந்தது. அங்கே இலங்கைக் கலங்கள் மூன்று ஆண்டுகளுக்கு மட்டும் உரிமத்தோடு மீன்பிடிக்க இந்தியா இசைந்தது. எல்லை கடந்த மீன்பிடிப்பை உரிமம் தந்து ஒழுங்குபடுத்தலாம் என்பதற்கு இரு நாடுகளும் தாங்களே ஏற்படுத்திய முன்னுதாரணம் அது.

இந்தத் தாள்களையெல்லாம் ஒருசேர வைத்து, தமிழகக் கரையின் கண்ணோடு படித்தவர் வி. சூரியநாராயணன். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தெற்கு, தென்கிழக்கு ஆசிய ஆய்வு மையத்தின் நிறுவன இயக்குநர், தேசியப் பாதுகாப்பு ஆலோசனைக் குழுவில் இருந்தவர். கச்சத்தீவையும் பாக் நீரிணைப் பகுதி இந்திய மீனவர் சிக்கலையும் பற்றிய அவருடைய ஆங்கில நூல் 1994-இல் வந்தது. பாக் நீரிணை மீன்பிடித் தகராறு பற்றி 2005-இல் இன்னொரு நூல் வந்தது. இலங்கை அகதிகளைப் பற்றி வி. சுதர்சனோடு சேர்ந்தும் எழுதினார். அதோடு நில்லாமல் நாளிதழ்களிலும் இதழ்களிலும் கருத்தரங்குகளிலும் இதே பொருளைத் திரும்பத் திரும்ப எடுத்துச் சொன்னார். தில்லியின் அறிஞர்கள் தில்லியின் கோப்புகளோடு நின்ற காலத்தில், ஒரு மாநிலப் பல்கலைக்கழகத்திலிருந்து வெளியுறவுக் கொள்கையைக் கேள்வி கேட்டது அவருடைய தனிச் சிறப்பு.

அவர் செய்த பெரிய பணி, ஒன்றாகக் குழம்பிக் கிடந்த மூன்று கேள்விகளைப் பிரித்துக் காட்டியது. தீவு யாருக்கு என்பது ஒன்று. எல்லைக் கோடு எங்கே என்பது அடுத்தது. எல்லைக்கு அப்பால் மீன்பிடிக்க உரிமை உண்டா என்பது மூன்றாவது. தீவை மீட்டால் மீன்பிடிச் சிக்கல் தீரும் என்று மேடைகள் சொல்லிவந்தன. கச்சத்தீவைச் சுற்றிய நீர் சிறிய பரப்பு. தமிழக விசைப்படகுகள் அதைத் தாண்டி நெடுந்தூரம் போகின்றன. ஆகவே முதல் கேள்விக்கு எந்த விடை வந்தாலும் மூன்றாவது அப்படியே நிற்கும். இதை வலியுறுத்திய அவர், தீவின் உரிமையைத் தொடாமல் நிரந்தரக் குத்தகையாகப் பெறலாம் என்று முன்மொழிந்தார். 1992-இல் இந்தியா தீன் பிகா வழித்தடத்தை வங்கதேசத்துக்குக் குத்தகையாகத் திறந்துவிட்டதை அதற்கு முன்மாதிரியாகக் காட்டினார். வாட்ஜ் கரை முன்னுதாரணத்தைக் கொண்டு, உரிமம் பெற்ற இந்திய மீனவர் இலங்கை நீரில் குறிப்பிட்ட தொலைவு வரை மீன்பிடிக்க அனுமதி கேட்கலாம் என்றார். இரு நாடுகளும் சேர்ந்து நடத்தும் பாக் நீரிணை ஆணையம் ஒன்றையும் பரிந்துரைத்தார். இரு கரைகளுக்கும் இந்தக் கடல் பொதுச் சொத்து என்பது இவை எல்லாவற்றுக்கும் அடியில் இருந்த எண்ணம்.

கரையில் தொழிலும் இதற்கிடையே மாறிவிட்டிருந்தது. 1960-களில் இந்தப் பகுதிக்கு இழுவை மடி வந்தது. வத்தையும் வல்லமும் ஓடிய இடத்தில் விசைப்படகு வந்தது. ஏற்றுமதிச் சந்தையில் இறாலுக்கு நல்ல விலை கிடைத்ததால் முதலீடு பெருகியது. நாட்டுப்படகுக்காரருக்கும் விசைப்படகுக்காரருக்கும் மோதல் முற்றியதால், 1970-களின் இறுதியில் வாரத்தில் மூன்று நாள் விசைப்படகுக்கு, நான்கு நாள் நாட்டுப்படகுக்கு என்று கடல் பிரித்துத் தரப்பட்டது. திங்கள், புதன், சனி என்று ராமேஸ்வரம் விசைப்படகுகள் கடலுக்குப் போகும் வழக்கம் அதன் தொடர்ச்சி. 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம் கரையிலிருந்து மூன்று கடல் மைலுக்குள் விசைப்படகு மீன்பிடிக்கத் தடை விதித்தது. ராமேஸ்வரத்திலிருந்து எல்லைக் கோடு 12 கடல் மைல் அளவில்தான் இருக்கிறது, தனுஷ்கோடிப் பக்கம் அதிலும் குறைவு. இந்தப் பக்கம் மூன்று மைல் தடை, அந்தப் பக்கம் எல்லை. நடுவே மிஞ்சும் குறுகிய பட்டையில் நூற்றுக்கணக்கான விசைப்படகுகள் மடி இழுக்க இடம் போதாது. எல்லை தாண்டுவதன் காரணம் இந்தக் கணக்கில் இருக்கிறது.

1983-இல் இலங்கையில் போர் தொடங்கியதும் வடக்கு மீனவர்கள் கடலில் இறங்கத் தடைகள் வந்தன. அந்தப் பக்கத்து நீரில் மீன் வளம் நின்றது, பிடிப்பவர் இல்லை. தமிழக விசைப்படகுகள் அங்கே போய்ப் பழகின. இலங்கைக் கடற்படையின் சூடும் சிறைபிடிப்பும் அப்போதிருந்து கரையின் அன்றாடத் துயரமாயின. கடந்த இருபது ஆண்டுகளில் 6,184 இந்திய மீனவர்கள் சிறைபிடிக்கப்பட்டதாகவும் 1,175 படகுகள் கைப்பற்றப்பட்டதாகவும் 2024-இல் இந்திய வெளியுறவு அமைச்சர் சொன்னார். போர் 2009-இல் முடிந்து வடக்கு மீனவர் கடலுக்குத் திரும்பியபோது, தங்கள் செவுள் வலைகளை இழுவை மடிகள் அறுத்துப்போவதைக் கண்டார்கள். அவர்களும் தமிழர்கள், போரில் எல்லாம் இழந்து சிறு படகோடு மீண்டும் தொடங்கியவர்கள். தமிழகத்தில் பேசுவோர் பலர் இதைத் தொடாமல் கடந்துபோனார்கள். யாழ்ப்பாணத்து, மன்னார் மீனவரின் இழப்பையும் சேர்த்தே பேச வேண்டும் என்று சூரியநாராயணன் எழுதியது இந்தப் பொருளில் அவருக்குத் தனி மதிப்பைத் தந்தது.

எதிர்க்கரையிலும் விளக்கியவர்கள் உண்டு. 1976 கடிதத்தில் கையெழுத்திட்ட ஜயசிங்கவே பிற்காலத்தில் கச்சத்தீவையும் இலங்கையின் கடல் எல்லையையும் பற்றி நூல் எழுதி 2003-இல் வெளியிட்டார். வலை உலர்த்தவும் இளைப்பாறவும் திருவிழாவுக்கு வரவும்தான் 5-ஆம் பிரிவு இடம் தருகிறது, மீன்பிடிக்க அன்று என்பது இலங்கையின் வாசிப்பு. பேச்சுவார்த்தையில் உட்கார்ந்தவரே பின்னர் ஆய்வாளராகப் பேசும்போது அவர் சொல்லுக்கு இரட்டை எடை உண்டு. அதனாலேயே இந்தியத் தரப்பின் ஆவணங்களோடு அதை ஒப்பிட்டுப் படிப்பது அவசியமாகிறது. அவ்தார் சிங் பாசின் ஐந்து தொகுதிகளாகத் தொகுத்த இந்திய-இலங்கை உறவு ஆவணங்கள் அந்த ஒப்பீட்டுக்குப் பெரிதும் உதவின.

அரசுகள் மெல்ல நகர்ந்தபோது மீனவர்களே பேசத் தொடங்கினார்கள். 2004-இல் தமிழக மீனவர் குழு இலங்கை சென்றது. 2010 ஆகஸ்டில் இலங்கை மீனவர்கள் தமிழகம் வந்தார்கள். இலங்கை நீரில் இழுவை மடியை ஓராண்டுக்குள் நிறுத்துவது என்ற உடன்பாடு அங்கே உருவானது. அரசுகள் அதை ஏற்று நடத்தவில்லை. 2017-இல் இலங்கை நாடாளுமன்றம் இழுவை மடியைச் சட்டப்படி தடைசெய்தது. எம்.ஏ. சுமந்திரன் கொண்டுவந்த மசோதாவே அதற்கு வழிவகுத்தது. அதே ஆண்டு இந்தியா பாக் நீரிணையின் 2,000 விசைப்படகுகளை ஆழ்கடல் சூரைத் தூண்டில் படகுகளாக மாற்றும் திட்டத்தை ராமேஸ்வரத்தில் தொடங்கியது. கரையிலிருந்து காலையில் போய் மறுநாள் திரும்பும் தொழிலை, வாரக்கணக்கில் கடலில் தங்கும் தொழிலாக மாற்றுவது எளிதாக இல்லை. படகின் விலையும் கடன் சுமையும் பலரைத் தயங்கச் செய்தன.

இந்தக் கரையைத் திரைக்குக் கொண்டுவந்த படைப்புகளில் லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ முக்கியமானது. தனுஷ்கோடி மீனவரையும் அகதிகளையும் நடிக்க வைத்து, ஆவணத்தன்மையோடு எடுத்த கதைப்படம் அது. தணிக்கை வாரியம் மறுத்தபின் மேல்முறையீட்டில் 2011-இல் சான்றிதழ் பெற்றது. அந்தப் படத்தில் விளக்கம் தருபவர் எவரும் இல்லை, கரையில் உள்ளவரே பேசுகிறார்கள். ஒருவர் படும் துன்பத்தைப் பார்ப்பவர் உணர அதுவே சிறந்த வழி. அந்தத் துன்பம் எந்தக் கடிதத்தின் எந்த வரியிலிருந்து வந்தது என்று அறிய வேண்டுமானால் அறிஞர் தேவை. தொலைக்காட்சிப் படங்கள் அவரை அழைப்பது அதற்காகத்தான். ஆனால் நீண்ட பேட்டியிலிருந்து சில விநாடிகளே திரைக்குப் போகின்றன. தீவு யாருக்கு என்ற முதல் கேள்விக்கான பதில் சூடானது என்பதால் அது தங்கிவிடுகிறது. மூன்றாவது கேள்விக்கான பதிலுக்கு வரைபடமும் பொறுமையும் வேண்டும் என்பதால் வெட்டப்படுகிறது. பிரித்துக் காட்டுவதற்காக வந்தவரின் சொற்களே மீண்டும் குழப்பத்தைச் சேர்ப்பது இப்படித்தான். கேள்வி கேட்பவர் ஒப்பந்தத்தைப் படித்துவிட்டு வந்தால் இதில் பாதி தவிர்க்கப்படும்.

2024 மக்களவைத் தேர்தலுக்கு முன், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் பெறப்பட்ட பழைய கோப்புகள் செய்தியாயின. நேருவின் 1961 குறிப்பும் கேவல் சிங்-கருணாநிதி சந்திப்பின் பதிவும் அப்போதுதான் பரவலாகப் படிக்கப்பட்டன. ஏப்ரல் 1 அன்று வெளியுறவு அமைச்சர் எஸ். ஜெய்சங்கர் செய்தியாளர்களிடம் நெடுநேரம் அதை விளக்கினார். அவரே ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் பன்னாட்டு உறவில் முனைவர் பட்டம் பெற்றவர். அறிஞர், அரசு அலுவலர், அரசியல்வாதி என்ற மூன்று இடங்களும் ஒரே ஆளிடம் சேர்ந்த நிகழ்வு அது. அதில் வெளிவந்த ஆவணங்கள் உண்மையானவை. தேர்தல் வேளையில் எவை எடுத்துப் பேசப்பட்டன, எவை விடுபட்டன என்று சரிபார்க்க, பதவியில் இல்லாத ஆய்வாளர் ஒருவர் வேண்டியிருந்தார்.

தாள்களுக்கு வெளியே கச்சத்தீவு இன்றும் உயிரோடு இருப்பது அந்தோணியார் திருவிழாவில். கோயிலை 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நம்புதாழையைச் சேர்ந்த சீனிக்குப்பன் படையாச்சி கட்டினார் என்று கரையில் சொல்வார்கள். யாழ்ப்பாண மறைமாவட்டத்தின் கீழ் உள்ள அந்தக் கோயிலுக்கு 2016-இல் புதுக் கட்டிடம் எழுந்தது. போர்க்காலத்தில் நின்றிருந்த விழா, அது முடிந்தபின் ஆண்டுதோறும் பிப்ரவரி அல்லது மார்ச்சில் நடக்கிறது. ராமேஸ்வரத்திலிருந்து விசைப்படகுகளிலும் நாட்டுப்படகுகளிலும் பக்தர்கள் போகிறார்கள், யாழ்ப்பாணத்திலிருந்தும் நெடுந்தீவிலிருந்தும் இலங்கைப் பக்தர்கள் வருகிறார்கள். பிரிந்த உறவினர் பார்த்துக்கொள்ளும் இடமாகவும் இது இருந்துவந்திருக்கிறது. 5-ஆம் பிரிவு விசா வேண்டாம் என்கிறது. நடைமுறையில் பெயர்ப்பட்டியலும் அடையாள அட்டையும் அலுவலர் சோதனையும் உண்டு. ஒப்பந்தத்தின் சொல்லுக்கும் நடப்புக்கும் உள்ள இடைவெளியைக் கேமராவால் நேராகப் பிடிக்க முடிகிற ஒரே இடம் இந்தத் துறைமுகச் சோதனைதான். ஆவணப்படக்காரர்கள் விழாவின் கூட்டத்தை விரும்பிப் படம்பிடிக்கும் அளவுக்கு இந்தச் சோதனை வரிசையைப் பிடிப்பதில்லை.

இனி இந்தப் பொருளில் வேலை செய்ய வருபவருக்கு வேண்டிய மூலங்கள் ஓரிடத்தில் இல்லை. ராமநாதபுரம் ஜமீனின் குத்தகைகளும் வருவாய்ப் பதிவுகளும், எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகம், தில்லியின் தேசிய ஆவணக் காப்பகம், கொழும்பின் ஆவணக் காப்பகம், யாழ்ப்பாண மறைமாவட்டத்தின் கோயில் குறிப்புகள் ஆகியவற்றை ஒப்பிட்டே படிக்க வேண்டும். மண்டபம் முகாமில் 1949 முதல் 1971 வரை தலைமையகம் கொண்டிருந்த மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் வெளியீடுகள், இழுவை மடி வருவதற்கு முன்பும் வந்த காலத்திலும் இந்தக் கடல் எப்படி இருந்தது என்று சொல்லும். தூதரகக் கோப்புகளைப் படிக்கும் பன்னாட்டு உறவு ஆய்வாளர்கள் இந்த மீன்வள அறிக்கைகளைப் பெரும்பாலும் தொட்டதில்லை, மீன்வள ஆய்வாளர்களோ ஒப்பந்தங்களைப் படித்ததில்லை. எல்லை தாண்டுவதற்கு இந்தக் கரையில் சொல்லப்படும் காரணங்களும், வலை அறுந்ததற்கு எதிர்க்கரையில் சொல்லப்படும் காரணங்களும் இவ்விரண்டு வகைத் தாள்களையும் சேர்த்து வைத்தால்தான் விளங்கும்.